கே. சி. எஸ். பணிக்கர்

கே. சி. எஸ். பணிக்கர் (மே 1911 – சனவரி 1977) இந்திய நவீன ஓவியத்தின் முன்னோடிகளுள் ஒருவர். சென்னை அரசு ஓவியப் பள்ளியில் மாணவராகச் சேர்ந்து, பின்னர் அங்கேயே ஆசிரியராகவும் முதல்வராகவும் பணியாற்றியவர். 1944 ஆம் ஆண்டில் முற்போக்கு ஓவியர் சங்கத்தையும், 1966 ஆம் ஆண்டில் சென்னைக்குத் தெற்கே இஞ்சம்பாக்கத்தில் சோழமண்டலம் ஓவியர் கிராமத்தையும் உருவாக்கியதில் முதன்மைப் பங்கு வகித்தார். 1963 ஆம் ஆண்டில் தொடங்கிய "சொற்களும் குறியீடுகளும்" என்னும் ஓவிய வரிசை இவருடைய மிக முக்கியமான படைப்பாகக் கருதப்படுகிறது. தென்னிந்தியாவில் உருவான நவீன கலைப் போக்கு இன்று மெட்ராஸ் கலை இயக்கம் என அழைக்கப்படுகிறது. அதன் மையத்தில் இருந்தவர் பணிக்கர் ஆவார்.

பிறப்பும் இளமையும்

கோவலெழி சீரம்பத்தூர் சங்கரப் பணிக்கர் என்பது இவருடைய முழுப்பெயர் ஆகும். மலையாளக் குடும்பத்தைச் சேர்ந்த இவர் கோயம்புத்தூரில் பிறந்தார். இளமைக் கல்வியின் ஒரு பகுதியைக் கேரளத்தின் பொன்னானியில் பெற்றார். அப்பகுதியின் நீர்நிலைகளும் தென்னந்தோப்புகளும் செம்மண் பாதைகளும் சிறு வயதிலேயே இவரை ஓவியம் வரையத் தூண்டின. பன்னிரண்டு வயதளவில் இயற்கைக் காட்சிகளை வரையத் தொடங்கிய இவர், தம் பதினேழாம் வயதில் சென்னை நுண்கலைக் கழகத்தின் ஆண்டுக் கண்காட்சியில் பங்கேற்றார்.

குடும்பச் சூழ்நிலை காரணமாகப் பதினெட்டாம் வயதில் படிப்பை நிறுத்திவிட்டுத் தந்தித் துறையில் வேலைக்குச் சேர்ந்தார். ஓவியத்தை முறையாகப் பயிலும் வாய்ப்பு 1936 ஆம் ஆண்டில், இருபத்தைந்தாம் வயதில்தான் கிடைத்தது. சக மாணவர் பலரைவிட வயதில் மூத்தவராகவே இவர் ஓவியப் பள்ளிக்குள் நுழைந்தார். பிழைப்புக்கு ஒரு வேலை, ஓய்வு நேரத்தில் ஓவியம் என்னும் இளமைக்கால அனுபவம் இவர் பிற்காலத்தில் மேற்கொண்ட முயற்சிகளோடு இணைத்துப் பார்க்கத்தக்கது.

சென்னை ஓவியப் பள்ளி

பணிக்கர் சேர்ந்த ஓவியப் பள்ளி, 1850 ஆம் ஆண்டில் அலெக்சாண்டர் ஹண்டர் என்னும் ஆங்கிலேய மருத்துவரால் தொடங்கப்பட்டது. இன்று அது அரசு கவின் கலைக் கல்லூரியாக விளங்குகிறது. மரவேலை, உலோக வேலை, மட்பாண்டம், நெசவு வடிவமைப்பு முதலிய கைத்தொழில்களில் உள்ளூர் மக்களுக்குப் பயிற்சி அளிப்பதே இதன் தொடக்ககால நோக்கம் ஆகும். ஓவியமும் சிற்பமும் தனிக்கலைகளாகப் பின்னரே இங்கு முதன்மை பெற்றன.

1929 ஆம் ஆண்டில் வங்காளத்தைச் சேர்ந்த தேவி பிரசாத் ராய் சௌதுரி இப்பள்ளியின் பொறுப்பை ஏற்றார். அப்பொறுப்பை ஏற்ற முதல் இந்தியர் இவரே. சென்னை மெரினா கடற்கரையில் உள்ள உழைப்பாளர் சிலையை வடித்தவரும் இவரே. அபனீந்திரநாத் தாகூரின் மாணவராக இருந்தபோதிலும், ராய் சௌதுரி சிற்பத்தில் மேற்கத்திய இயல்பு நெறியைப் பின்பற்றினார். மாணவர்கள் தத்தம் போக்கில் வளர அவர் இடமளித்தார். அவரிடம் பயின்ற பணிக்கர், படிப்பை முடித்தபின் 1941 ஆம் ஆண்டில் அதே பள்ளியில் ஆசிரியரானார்.

முற்போக்கு ஓவியர் சங்கம்

1940களில் சென்னையில் ஓவியக் கண்காட்சிக்கு வருவோர் மிகக் குறைவு. ஓவியம் வாங்குவோர் அதனினும் குறைவு. இசைக்கும் நடனத்துக்கும் சபாக்களும் புரவலர்களும் இருந்த நகரில், புதிய ஓவியத்துக்கு அத்தகைய ஆதரவு இல்லை. வீடுகளில் தெய்வப் படங்களின் அச்சுப் பிரதிகளும் நாட்காட்டிப் படங்களும் இடம்பெற்றிருந்தன. ஓவியர் ஒருவருக்குப் பள்ளிகளில் வரைபட ஆசிரியர் வேலை, விளம்பர நிறுவன வேலை, திரைப்பட அரங்க அமைப்பு ஆகியனவே பெரும்பாலும் கிடைக்கக்கூடிய வழிகளாக இருந்தன.

இச்சூழலில் 1944 ஆம் ஆண்டில் பணிக்கர் தம் நண்பர்களுடனும் மாணவர்களுடனும் சேர்ந்து முற்போக்கு ஓவியர் சங்கத்தை நிறுவினார். கொல்கத்தாவில் 1943 ஆம் ஆண்டில் கல்கத்தா குழுவும், மும்பையில் 1947 ஆம் ஆண்டில் முற்போக்குக் கலைஞர் குழுவும் தோன்றின. சென்னைச் சங்கம் இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட காலத்தில் உருவானது. மும்பைக் குழுவைப் போல இது பெரும் புகழ் பெறவில்லை. எனினும் அதைவிட நீண்டகாலம் செயற்பட்டது. சென்னையிலும் பிற நகரங்களிலும் கண்காட்சிகளை நடத்திய இச்சங்கம், 1960களின் தொடக்கத்திலிருந்து "ஆர்ட்ரெண்ட்ஸ்" என்னும் கலை இதழையும் வெளியிட்டது. தென்னிந்திய ஓவியர்கள் தம் கலையைப் பற்றித் தாமே எழுதவும் விவாதிக்கவும் இவ்விதழ் களம் அமைத்தது.

ஐரோப்பியப் பயணம்

1954 ஆம் ஆண்டில் பணிக்கரின் ஓவியங்கள் இலண்டனிலும் பாரிசிலும் காட்சிக்கு வைக்கப்பட்டன. அதுவரை அச்சுப் படங்களில் மட்டுமே கண்டிருந்த ஐரோப்பிய நவீன ஓவியங்களை இப்பயணத்தின்போது நேரில் பார்த்தார். உருவத்தைச் சிதைத்தும் துறந்தும் ஐரோப்பியர்கள் சென்றிருந்த தொலைவை இப்பயணம் அவருக்கு உணர்த்தியது. அவர்களைப் பின்பற்றினால் இந்திய ஓவியர் என்றும் பின்னால் வருபவராகவே இருப்பார் என்னும் சிக்கலும் அவர் முன் எழுந்தது.

அக்காலத்தில் வேறொரு வழியும் இருந்தது. வங்காளப் பள்ளியினர் அசந்தா ஓவியங்களையும் முகலாய, இராசபுத்திரச் சிற்றோவியங்களையும் முன்மாதிரியாகக் கொண்டு பழமைக்குப் புத்துயிர் அளிக்க முனைந்திருந்தனர். பழைய வடிவங்களைத் திரும்ப வரைவது மட்டும் தம் காலத்தின் கலையாகிவிடாது என்பதால் அவ்வழியும் பணிக்கருக்கு நிறைவளிக்கவில்லை. மேற்கைப் படியெடுக்காமலும் பழமையைப் படியெடுக்காமலும் நவீன ஓவியம் ஒன்றை உருவாக்க முடியுமா என்பதே அதன்பின் அவருடைய ஓவியத்தையும் ஆசிரியப் பணியையும் வழிநடத்திய கேள்வி எனலாம்.

கல்லூரி முதல்வர்

1957 ஆம் ஆண்டில் ராய் சௌதுரிக்குப்பின் பணிக்கர் பள்ளியின் முதல்வரானார். 1967 ஆம் ஆண்டில் ஓய்வு பெறும் வரை அப்பதவியில் இருந்தார். இந்தப் பத்தாண்டுக் காலம் மெட்ராஸ் கலை இயக்கத்தின் உருவாக்கக் காலமாகக் கொள்ளப்படுகிறது.

சிற்பி எஸ். தனபால், ஓவியர்கள் எல். முனுசாமி, ஏ. பி. சந்தானராஜ் ஆகியோர் இக்காலத்துக் கல்லூரியோடு தொடர்புடைய குறிப்பிடத்தக்க ஆசிரியர்கள் ஆவர். தமிழ், மலையாளம், தெலுங்கு, கன்னடம் ஆகிய மொழிகளைப் பேசும் மாணவர்கள் ஒரே வளாகத்தில் பயின்றனர். கே. எம். ஆதிமூலம், ஆர். பி. பாஸ்கரன், எஸ். ஜி. வாசுதேவ், மு. சேனாதிபதி, கே. வி. அரிதாசன், அக்கித்தம் நாராயணன், வேலு விசுவநாதன், சிற்பி கானாயி குஞ்ஞிராமன் முதலியோர் இங்கு பயின்று பின்னர் புகழ்பெற்றனர். டி. கே. பத்மினி, அனிலா ஜேக்கப், அர்னவாஸ் ஆகிய பெண் கலைஞர்களும் இக்கல்லூரியிலிருந்து வந்தவர்களே.

கைத்தொழிற் பள்ளியாகத் தொடங்கியதன் எச்சமாகக் கல்லூரியில் உலோகம், மட்பாண்டம், துணி ஆகியவற்றுக்கான பட்டறைகள் இருந்தன. இவை ஓவிய, சிற்ப மாணவர்களுக்கும் பயன்பட்டன. செப்புத் தகட்டை அடித்து உருவம் அமைத்தல், கோயில் கவசங்களைப் போல முன்புறத்தை முதன்மையாகக் கொண்டு சிற்பம் செய்தல் போன்ற முறைகள் இங்கிருந்து கிளைத்தன. பி. வி. ஜானகிராமின் உலோகச் சிற்பங்கள் இதற்குத் தக்க எடுத்துக்காட்டு ஆகும். கலை உயர்ந்தது, கைவினை தாழ்ந்தது என்னும் பிரிவு சென்னையில் பிற இடங்களைப் போல ஆழமாக வேரூன்றாமைக்கு இப்பின்னணியும் ஒரு காரணம் ஆகும்.

ஓவிய வளர்ச்சி

தொடக்க காலம்

பணிக்கரின் தொடக்ககால ஓவியங்கள் பெரும்பாலும் நீர்வண்ண இயற்கைக் காட்சிகள். மலபாரின் வயல்கள், கால்வாய்கள், படகுகள், உழவர்கள் ஆகியோரை விரைவான தூரிகை வீச்சில், ஒளி மிகுந்த வண்ணங்களில் வரைந்தார். ஆங்கிலேய நீர்வண்ண மரபின் தாக்கம் இவற்றில் காணப்படுகிறது.

உருவ ஓவியங்கள்

1950களில் எண்ணெய் வண்ணத்தில் மனித உருவங்களை மையப்படுத்தினார். காந்தி, புத்தர், இயேசு ஆகியோரின் வாழ்வும் போதனையும் இவ்வோவியங்களில் இடம்பெற்றன. "லும்பினி", "பாவி" ஆகியவை இக்காலத்தைச் சேர்ந்தவை. நீண்ட கோடுகளும் தட்டையான வண்ணப் பரப்புகளும் இவற்றின் இயல்பு. அசந்தாவின் கோட்டுத் திறனும் கேரளச் சுவரோவியங்களும் ஒருபுறமும், வான்கோ, கோகென் ஆகியோரின் வண்ணப் பயன்பாடு மறுபுறமுமாக இவ்வோவியங்களில் கலந்திருப்பதைக் காணலாம். பின்னர் வந்த தோட்ட வரிசை ஓவியங்களில் உருவங்கள் சிறுத்துப் பரப்பு முழுவதும் பரவத் தொடங்கின.

சொற்களும் குறியீடுகளும்

1963 ஆம் ஆண்டளவில் பணிக்கரின் ஓவியம் பெரும் மாற்றம் அடைந்தது. மாணவர் ஒருவருடைய கணக்கு ஏட்டின் பக்கங்களை அவர் தற்செயலாகக் காண நேர்ந்தது. எண்கள், எழுத்துகள், வடிவியல் படங்கள் ஆகியன ஒரு தாளின் மேல் அமைந்திருந்த விதம், அவற்றின் பொருளுக்கு அப்பால், காட்சியாகவே அவரைக் கவர்ந்தது. இதிலிருந்தே சொற்களும் குறியீடுகளும் என்னும் வரிசை தோன்றியது.

இவ்வரிசை ஓவியங்களில் சாதகக் கட்டங்கள், கோள்களின் குறிகள், தாந்திரிக வரைபடங்கள், பறவை, மீன், பாம்பு முதலிய உருவங்கள் ஆகியவற்றோடு மலையாள எழுத்துகளை ஒத்த வரிகள் பத்தி பத்தியாக இடம்பெற்றன. இவ்வரிகளிற் பெரும்பாலானவற்றைப் படிக்க முடியாது. மலையாளம் அறிந்தவர்க்கும் அவை பொருள் தருவதில்லை. வெளிறிய பரப்பின் மேல் மெல்லிய கோடுகளால் வரையப்பட்ட இவை, பழைய ஓலைச்சுவடியையோ சோதிடர் ஒருவரின் கணிப்பேட்டையோ பார்ப்பது போன்ற உணர்வைத் தருகின்றன.

தென்னிந்தியக் குடும்பம் ஒன்றில் பிறந்தவர் எவரும் சாதகக் கட்டத்தை ஏதோ ஒரு பெட்டியில் கண்டிருப்பர். அதைப் படிக்கத் தெரியாவிட்டாலும் அதற்கொரு கனம் உண்டு என்பதை அறிந்திருப்பர். பணிக்கர் பயன்படுத்தியது இந்த அறிமுகத்தையே. பொருளை நீக்கிவிட்டு அதன் தோற்றத்தையும் கனத்தையும் மட்டும் ஓவியத்தில் தக்கவைத்தார். மேற்கத்திய அரூப ஓவியத்துக்கு நிகரான ஒன்றை, ஆனால் முற்றிலும் உள்ளூர்ப் பொருள்களால் ஆன ஒன்றை அவர் அடைந்தது இவ்வாறே. 1970களில் வரைந்த இறுதிக்கால ஓவியங்களில் எழுத்துவரிகளோடு உருவங்களும் மீண்டும் பெரிதாக இடம்பெறத் தொடங்கின.

சோழமண்டலம் ஓவியர் கிராமம்

பின்னணி

ஒவ்வோர் ஆண்டும் கல்லூரியிலிருந்து திறமையான மாணவர்கள் வெளியேறினர். சில ஆண்டுகளில் அவர்களிற் பலர் ஓவியத்தைக் கைவிட்டு வேறு வேலைகளுக்குச் சென்றனர். முதல்வராக இருந்த பணிக்கர் இதைத் தொடர்ந்து கண்டுவந்தார். ஓவியத்தை விற்று வாழ முயன்றால் வாங்குவோர் விரும்புவதை வரைய நேரிடும். முழுநேர வேலைக்குச் சென்றால் வரைய நேரமிராது. இவ்விரண்டுக்கும் மாற்றாக, கைவினைப் பொருள்களைச் செய்து விற்று வாழ்வை நடத்துவது, ஓவியத்தைச் சந்தையின் கட்டாயத்திலிருந்து விடுவித்து வைப்பது என்னும் திட்டத்தை அவர் முன்வைத்தார்.

இதன்படி ஆசிரியர்களும் மாணவர்களும் இணைந்து கலைஞர் கைவினைச் சங்கம் ஒன்றை அமைத்தனர். பாத்திக் துணிகள் இதன் முதன்மை விற்பனைப் பொருளாக இருந்தன. துணியின் மேல் உருக்கிய மெழுகால் வடிவங்களை வரைந்து, சாயத்தில் தோய்த்து, பின்னர் மெழுகை நீக்குவது பாத்திக் முறை ஆகும். மெழுகு பட்ட இடத்தில் சாயம் ஏறாது. வண்ணத்துக்கு ஒருமுறையாகத் தோய்ப்பதை மீண்டும் மீண்டும் செய்து பல வண்ண வடிவங்களைப் பெறலாம். ஓவியரின் கைத்திறன் இதற்கு நேரடியாகப் பயன்பட்டது. ஓவியம் வாங்கத் தயங்கியவர்களும் பாத்திக் துணிகளை விரும்பி வாங்கினர். உலோகம், தோல், மட்பாண்டம் ஆகியவற்றிலும் பொருள்கள் செய்யப்பட்டன.

நிலமும் குடியேற்றமும்

இவ்விற்பனையில் சேர்ந்த பணத்தைக் கொண்டு, சென்னையின் தெற்கே வங்கக் கடற்கரையை ஒட்டிய இஞ்சம்பாக்கத்தில் ஏறத்தாழ 10 ஏக்கர் நிலம் வாங்கப்பட்டது. 1966 ஆம் ஆண்டில் சோழமண்டலம் ஓவியர் கிராமம் தொடங்கப்பட்டது. ஏறத்தாழ 40 கலைஞர்கள் இதில் பங்கு கொண்டனர். சோழர் ஆண்ட நாட்டின் பெயரே கிராமத்துக்கு இடப்பட்டது. இக்கடற்கரையைக் குறிக்கும் கோரமண்டல் என்னும் சொல்லும் இப்பெயரிலிருந்து திரிந்ததே என்பர்.

இன்று சென்னைப் பெருநகரின் பகுதிகளாகிவிட்ட இஞ்சம்பாக்கம், மாடம்பாக்கம் முதலிய தென் புறநகர் ஊர்கள் அக்காலத்தில் நகரத்தோடு தொடர்பு குறைந்த சிற்றூர்கள். இஞ்சம்பாக்கம் மணலும் சவுக்கு மரங்களும் நிறைந்த கடலோரப் பகுதியாக இருந்தது. முதலில் குடியேறியோர் ஓலைக் குடிசைகளில் தங்கினர். தொடக்கத்தில் மின்வசதியும் இல்லை. சங்கத்தின் நிலத்தில் மனைகளைப் பெற்றுப் படிப்படியாகத் தத்தம் வீடுகளையும் பணிக்கூடங்களையும் கட்டிக்கொண்டனர். பொதுப் பட்டறை, காட்சிக்கூடம், திறந்தவெளி அரங்கு ஆகியவையும் அமைந்தன.

நாளின் ஒரு பகுதியைக் கைவினைக்கும் எஞ்சிய நேரத்தைத் தம் சொந்தப் படைப்புக்கும் கலைஞர்கள் பயன்படுத்தினர். அரசின் மானியத்தையோ செல்வந்தர் ஒருவரின் ஆதரவையோ அடித்தளமாகக் கொள்ளாமல், கலைஞர்கள் தம் உழைப்பால் உருவாக்கிக்கொண்ட குடியிருப்பு என்பதே இக்கிராமத்தின் தனிச்சிறப்பு ஆகும். மு. சேனாதிபதி, கே. எம். கோபால், ஜெ. சுல்தான் அலி, பி. எஸ். நந்தன், பி. கோபிநாத், டி. வெங்கடபதி, எஸ். பரமசிவம், கே. ஜெயபால பணிக்கர் முதலியோர் இங்கு வாழ்ந்த கலைஞர்களுள் சிலர்.

கே. இராமானுசம்

சோழமண்டலத்தில் வாழ்ந்தவர்களுள் கே. இராமானுசம் (1941–1973) தனித்துக் குறிப்பிடத்தக்கவர். வறுமையும் உடல், உளச் சிக்கல்களும் கொண்ட இவர், கனவு மாளிகைகளும் விந்தை விலங்குகளும் நிறைந்த மைக்கோட்டு ஓவியங்களை வரைந்தார். இவருடைய ஆற்றலை அறிந்து ஆதரித்தவர்களுள் பணிக்கர் முதன்மையானவர். எனினும் 1973 ஆம் ஆண்டில், முப்பதுகளின் தொடக்கத்திலேயே இராமானுசம் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். கலைஞருக்குத் தங்குமிடமும் வருவாயும் தர முடிந்த கிராமத்தால், அவருடைய தனிமையை நீக்க இயலவில்லை.

விமர்சனங்கள்

பணிக்கரின் பணிகள் குறித்து மாற்றுக் கருத்துகளும் உண்டு. எழுத்துகளையும் தாந்திரிக வடிவங்களையும் ஓவியத்தில் கையாள்வது பின்னர் பலரால் ஒரு வாய்பாடாகப் பின்பற்றப்பட்டு, எளிதில் இந்தியத் தன்மை காட்டும் அலங்காரமாகிவிட்டது என்பது ஒன்று. விமர்சகர் சிலர் இவரை நவதாந்திரிக ஓவியர்களுள் ஒருவராக வகைப்படுத்தினர். ஆனால் இவருடைய ஓவியங்களில் அக்குறியீடுகள் வழிபாட்டுக்கோ தியானத்துக்கோ உரியனவாக அமையவில்லை. காட்சிப் பொருள்களாகவே அமைந்தன. ஆகவே இவ்வகைப்பாடு முற்றிலும் பொருந்துவதாகத் தோன்றவில்லை.

கைவினையில் செலவிடும் நேரம் படைப்பாற்றலைக் குறைக்கும் என்பதும், நகரிலிருந்து விலகி வாழ்வது கலைஞரைச் சமூகத்திலிருந்து பிரித்துவிடும் என்பதும் சோழமண்டலம் குறித்து எழுந்த ஐயங்கள். கிராமத்தில் சேராமல் நகரிலேயே இருந்து பெரும் சாதனை புரிந்த சென்னைக் கலைஞர்களும் பலர். ஆதிமூலம் போன்றோர் தமிழ்ச் சிற்றிதழ்களுக்கும் நூல்களுக்கும் வரைந்து, நவீன ஓவியத்தைத் தமிழ் வாசகரிடம் கொண்டுசேர்த்தனர். பொது வாசகருக்கு நவீன ஓவியம் அறிமுகமானதில் இவ்வழியின் பங்கு பெரிது.

இறுதிக் காலம்

ஓய்வுக்குப்பின் பணிக்கர் சோழமண்டலத்தோடு இணைந்து தொடர்ந்து ஓவியம் வரைந்தார். 1976 ஆம் ஆண்டில் இந்திய அரசின் லலித் கலா அகாதமி அதன் உயரிய சிறப்பான பெல்லோசிப் தகுதியை இவருக்கு அளித்தது. அடுத்த ஆண்டு சனவரியில், தம் அறுபத்தைந்தாம் வயதில், சென்னையில் காலமானார்.

இவருடைய மகன் எஸ். நந்தகோபால் (1946–2017) புகழ்பெற்ற உலோகச் சிற்பி ஆவார். செம்பு, பித்தளை முதலியவற்றைப் பற்றவைத்து உருவாக்கிய சிற்பங்களுக்காக அறியப்பட்ட இவர், நீண்டகாலம் சோழமண்டலத்தின் நிர்வாகப் பொறுப்பையும் வகித்தார்.

மரபு

பணிக்கரின் ஓவியங்கள் புது தில்லியில் உள்ள தேசிய நவீன கலைக்கூடத்தில் இடம்பெற்றுள்ளன. திருவனந்தபுரம் அருங்காட்சியக வளாகத்தில் இவர் பெயரில் தனிக் கலைக்கூடம் ஒன்று உள்ளது. சோழமண்டலத்தில் 2009 ஆம் ஆண்டில் திறக்கப்பட்ட அருங்காட்சியகத்தில் மெட்ராஸ் கலை இயக்கத்தைச் சேர்ந்த ஓவியர்கள், சிற்பிகளின் படைப்புகள் வைக்கப்பட்டுள்ளன. பொதுமக்கள் இங்கு சென்று பார்வையிடலாம்.

கிழக்குக் கடற்கரைச் சாலை 2000களின் தொடக்கத்தில் மேம்படுத்தப்பட்டபின் இஞ்சம்பாக்கத்தின் தோற்றம் முற்றிலும் மாறியது. 2011 ஆம் ஆண்டில் இவ்வூர் சென்னை மாநகராட்சியோடு இணைக்கப்பட்டது. மணற்பரப்பாக வாங்கப்பட்ட நிலம் இன்று மிக உயர்ந்த விலை பெறும் பகுதியில் உள்ளது. முதல் தலைமுறைக் கலைஞர்களிற் பலர் மறைந்துவிட்டனர். வேறு சிலர் பிற நகரங்களுக்கும் வெளிநாடுகளுக்கும் சென்றுவிட்டனர். பாத்திக் விற்பனையை நம்பி வாழும் நிலையும் மாறிவிட்டது. 1990களுக்குப்பின் இந்திய ஓவியச் சந்தை வளர்ந்து, ஓவியங்களே விலைபோகத் தொடங்கின. எனினும் நிலம் கைமாறிப்போகாமல் கலைக்கென எஞ்சியிருப்பதும், கண்காட்சிகளும் பணிமுகாம்களும் அங்கு தொடர்வதும் குறிப்பிடத்தக்கது.

இந்தியாவில் கலைஞர்கள் கூடித் தொடங்கிய குழுக்கள் பல சில ஆண்டுகளில் கலைந்து போயின. கொள்கை அறிக்கையால் மட்டும் ஒன்றிணைந்தவை அவற்றுட் பல. சோழமண்டலம் அரை நூற்றாண்டைக் கடந்தும் நிலைத்திருப்பதற்கு, கலைஞரின் அன்றாடச் செலவுக்கும் குடியிருப்புக்கும் முதலில் வழிசெய்துவிட்டுப் பிறகே கலையைப் பற்றிப் பேசிய பணிக்கரின் அணுகுமுறை முக்கியக் காரணம் ஆகும்.